மாதச் சம்பளமும் கூடைப்பந்தும்

பிலிப்பைன்ஸின் செபு தீவில், மேற்குக் கரையோரமாக, பினமுங்கஹான் என்றொரு சிறிய ஊர் இருக்கிறது. ஜூன் மார் ஃபஹார்டோ அந்த ஊர்க்காரர். 1989-ல் பிறந்தவர், ஆறடி பத்தங்குல உயரம். செபு நகரத்துப் பல்கலைக்கழகம் ஒன்றுக்கு ஆடத் தொடங்கி, 2012-ல் அந்நாட்டின் தொழில்முறைக் கூடைப்பந்து லீகான பி.பி.ஏ.வின் வீரர் தேர்வில் முதல் ஆளாக எடுக்கப்பட்டார். எடுத்தது சான் மிகுவேல் என்ற பீர் கம்பெனியின் அணி. 2014 தொடங்கி 2019 வரை ஆறு ஆண்டுகள் தொடர்ந்து லீகின் மிகச் சிறந்த வீரர் விருது அவருக்கே போனது. பிறகும் வாங்கினார். அந்த விருதை அவரளவு வாங்கியவர் அங்கே யாரும் இல்லை. இவருக்கு நான்கு வயது மூத்தவர் அனிதா பால்துரை, சென்னைக்காரர். பதினோரு வயதில் பந்தைக் கையில் எடுத்தவர். பத்தொன்பது வயதில் இந்தியப் பெண்கள் அணியின் தலைவி. ஏறத்தாழ 18 ஆண்டுகள் இந்தியாவுக்கு ஆடினார். ஆசியக் கூடைப்பந்துப் போட்டி ஒன்பதில் களமிறங்கினார். தேசியப் போட்டிகளில் 30 பதக்கங்கள். 2021-ல் பத்மஸ்ரீ. இத்தனைக்கும் நடுவே அவருடைய பெயர் தெற்கு ரயில்வேயின் சம்பளப் பட்டியலில்தான் இருந்தது.

இந்த இரண்டு பேரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் முன்னவருடையது தொழில், பின்னவருடையது உத்தியோகத்தோடு சேர்ந்த ஆட்டம் என்றுதான் நாம் பிரிப்போம். நம் நாட்டுக் கூடைப்பந்தைப் பற்றி எழுதுகிறவர்களில் பலர் அப்படித்தான் பிரிக்கிறார்கள். ஒரு நல்ல லீக் வந்துவிட்டால் ரயில்வே வேலையும் வங்கி வேலையும் பழங்கதையாகிவிடும், வீரர்கள் ‘உண்மையான’ தொழில்முறையாளர்கள் ஆகிவிடுவார்கள் என்று எதிர்பார்க்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. ஓர் ஆட்டக்காரரின் வாழ்க்கையைத் தீர்மானிப்பது சம்பளத்தின் அளவைவிட அது எத்தனை காலம் நிச்சயம் என்பதுதான். அந்த நிச்சயத்தைப் பெரிய குடும்பப் பின்னணியோ பணமோ இல்லாத பிள்ளைகளுக்கு, அதிலும் பெண் பிள்ளைகளுக்கு, இதுவரை கொடுத்தது விளையாட்டு ஒதுக்கீட்டு வேலை ஒன்றுதான். அதைக் குறையாகப் பேசுவதை விட்டுவிட்டு, அது ஏன் மிகச் சிலருக்கு மட்டும் கிடைக்கிறது என்று கேட்பதே முறை. தென்காசிப் பக்கத்து வாசுதேவநல்லூர் போன்ற ஓர் ஊரிலிருந்து இந்தக் கேள்வியைக் கேட்டால் அதன் கனம் இன்னும் நன்றாகத் தெரியும்.

பிலிப்பைன்ஸைப் பற்றி முதலில் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். கூடைப்பந்து அங்கே போன வழியும் இங்கே வந்த வழியும் ஒன்று. 1891-ல் அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டில், ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளியில் பிறந்த ஆட்டம் அது. அமெரிக்க ஆட்சிக் காலத்தில் ஆசிரியர்களும் ஒய்.எம்.சி.ஏ.வும் அதை மணிலாவுக்குக் கொண்டுபோனார்கள். அதே ஸ்பிரிங்ஃபீல்டில் படித்த ஹாரி குரோ பக் சென்னைக்கு வந்து 1920-ல் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியைத் தொடங்கினார். தமிழ்நாட்டுப் பள்ளிகளுக்கு உடற்கல்வி ஆசிரியர்களைத் தலைமுறை தலைமுறையாக அனுப்பிவைத்த கல்லூரி அது. ஆக விதை ஒன்று, காலமும் கிட்டத்தட்ட ஒன்று. பிறகு அங்கே நடந்தது வேறு. 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் பிலிப்பைன்ஸ் ஐந்தாம் இடம் பிடித்தது. 1954-ல் ரியோ டி ஜெனிரோவில் நடந்த உலகப் போட்டியில் வெண்கலம் வென்றது. 1951 முதல் 1962 வரை ஆசிய விளையாட்டுகளின் முதல் நான்கு தங்கங்களும் அவர்களுடையவை. இந்த ஆண்டுகளை ஒன்றுக்கு இரண்டு தடவை பார்க்க வேண்டும். ஏனென்றால் பி.பி.ஏ. தொடங்கியது 1975 ஏப்ரலில்தான். அவர்களுடைய இந்தப் பெரிய வெற்றிகள் எல்லாம் தொழில்முறை லீக் என்ற ஒன்று வருவதற்கு முன்னால் வந்தவை.

அந்த வெற்றிகளின் காலத்தில் ஆட்டக்காரர்கள் எங்கே ஆடினார்கள்? கல்லூரிகளிலும், கம்பெனி அணிகளிலும். மணிலாவின் தொழில், வணிக நிறுவனங்கள் சேர்ந்து 1938-ல் தங்களுக்குள் ஒரு விளையாட்டுச் சங்கம் வைத்துக்கொண்டன. அதன் போட்டிகளில்தான் நாட்டின் சிறந்த வீரர்கள் ஆடினார்கள். நம் ஐ.சி.எஃப். ரயில்பெட்டித் தொழிற்சாலை, இந்தியன் ஓவர்சீஸ் வங்கி, இந்தியன் வங்கி, வருமானவரித் துறை அணிகளை அறிந்தவர்களுக்கு இந்த ஏற்பாடு புதிதாகத் தெரியாது. 1975-ல் அந்தச் சங்கத்திலிருந்து சில கம்பெனிகள் பிரிந்துபோய்த்தான் பி.பி.ஏ.வை உண்டாக்கின. அதனால்தான் இன்றுவரை அங்கே அணிகளுக்கு ஊர்ப் பெயர் கிடையாது. ஒன்று பீர், ஒன்று ஜின், ஒன்று மின்சாரக் கம்பெனி, ஒன்று செல்போன் கம்பெனி. ஆசியாவின் முதல் தொழில்முறைக் கூடைப்பந்து லீக் என்று பெயர் வாங்கிய அது, வேரில் கம்பெனி ஊழியர்களின் ஆட்டம். இரண்டு நாட்டிலும் முதலாளிதான் அணியை நடத்தினார். அங்கே முதலாளி ஆட்டக்காரரிடம் கேட்டது விளம்பரம். இங்கே அரசுத் துறைகளும் அரசு வங்கிகளும் கேட்டது கோப்பையும் துறையின் பெயரும். விளம்பரம் கேட்டவர்களுக்குக் கூட்டம் வேண்டியிருந்தது. அதனால் வானொலி, தொலைக்காட்சி, பெரிய அரங்கு எல்லாம் வந்தன. கோப்பை கேட்டவர்களுக்குக் கூட்டம் வேண்டியிருக்கவில்லை. கொடுத்த வேலையோடு அவர்களுடைய பொறுப்பு முடிந்தது. நம் கூடைப்பந்தின் பலமும் பலவீனமும் இந்த ஓர் இடத்திலிருந்துதான் கிளைக்கின்றன.

விளம்பரத்தின் மேல் நிற்கும் வாழ்க்கைக்கு அதற்கே உரிய நிலையாமை உண்டு. பி.பி.ஏ.வின் முதல் பத்தாண்டுகளை ஆண்டவை கிறிஸ்பா, டொயோட்டா என்ற இரண்டு அணிகள். நாட்டையே இரண்டாகப் பிரித்த போட்டி அது. அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் இரண்டு கம்பெனிகளும் லீகை விட்டுப் போய்விட்டன. முப்பது ஆண்டுகளுக்கு மேல் ஆடிய அலாஸ்கா என்ற பால்பொருள் கம்பெனியின் அணி 2022-ல் விற்கப்பட்டது. ஆட்டக்காரருக்கு ஒப்பந்தம் உண்டு, ஆனால் அந்த ஒப்பந்தம் கம்பெனியின் வியாபாரக் கணக்கோடு கட்டிப்போடப்பட்டது. ராபர்ட் ஜவோர்ஸ்கி என்ற ஆட்டக்காரர் ஐம்பது வயது தாண்டியும் களத்தில் நின்றார், பிறகு 1998-ல் செனட்டர் ஆனார் என்பதை அங்கே பெருமையாகச் சொல்வார்கள். பெருமைதான். அது ஒருவருக்கு வாய்த்தது. லீகில் 12 அணிகள். அணிக்குப் பதினைந்து பேர் என்று வைத்தாலும் 180 பேர். பதினோரு கோடி மக்களுக்கு மேல் வாழும், தெருவுக்குத் தெரு வளையம் தொங்கும், செருப்புக் காலோடு பிள்ளைகள் ஆடும் ஒரு நாட்டில் மேல்தட்டுத் தொழில்முறை வேலை 180 பேருக்கு. அத்தனை பேரும் ஆண்கள்.

இந்தக் கடைசி விஷயம் எனக்கு முக்கியமானது. பிலிப்பைன்ஸில் கூடைப்பந்து 1910 வாக்கில் அறிமுகமானபோது பெண்களுக்கான ஆட்டமாகவே அறிமுகமானது. பள்ளிகளுக்கிடையே பெண்கள்தான் முதலில் ஆடினார்கள். அவர்கள் அணிந்த உடை அடக்கமாக இல்லை என்று கத்தோலிக்கத் திருச்சபையிலிருந்தும் பழமைவாதிகளிடமிருந்தும் எதிர்ப்பு வந்தது. பெண்கள் விலக, ஆண்கள் எடுத்துக்கொண்டார்கள். பெண்களுக்கென்று ஒரு லீக் தொழில்முறைத் தகுதி பெற இன்னும் நூறாண்டுக்கு மேல், 2020 வரை, காத்திருக்க வேண்டியிருந்தது. அதாவது அனிதா இந்திய அணிக்கு ஆடிய அந்தப் பதினெட்டு ஆண்டுகளில், கூடைப்பந்தை மதம்போலக் கொண்டாடும் பிலிப்பைன்ஸில் ஒரு பெண்ணுக்கு இந்த ஆட்டத்தால் மாதாமாதம் சோறு போடும் உள்ளூர் லீக் இல்லை. கூடைப்பந்தை யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளாத இந்தியாவில் அனிதாவுக்குச் சம்பளம் வந்துகொண்டிருந்தது. தொழில்முறை என்ற சொல்லைப் பணத்தோடு சேர்த்துப் பார்த்தால், இந்த இரண்டு பெண்களில் யார் தொழில்முறை நாட்டில் பிறந்தவர் என்று சொல்வது அவ்வளவு எளிதில்லை.

2017-ஐ எடுத்துக்கொள்வோம். ஜூலை மாதம் பெங்களூரு கண்டீரவா உள்ளரங்கில் ஆசியக் கோப்பையின் இரண்டாம் பிரிவுப் போட்டி. இறுதி ஆட்டத்தில் இந்தியா கஜகஸ்தானை 75-73 என்று இரண்டு புள்ளியில் வென்று முதல் பிரிவுக்கு ஏறியது. அந்த அணியில் அனிதா இருந்தார். வயது 32. தாயான பிறகு திரும்பி வந்திருந்தார். கூடைப்பந்தில் இது எத்தனை கடினம் என்பதை ஆட்டத்தின் இயல்பை வைத்தே சொல்லலாம். நிமிடத்துக்குப் பலமுறை ஓடி நின்று திரும்பும் ஆட்டம். முழங்காலும் இடுப்பும் தாங்க வேண்டும். ஆறு மாதம் விட்டால் இளையவர் ஒருவர் அந்த இடத்தில் வந்து நிற்பார். அப்படித் திரும்பி வருவதற்கு முதல் தேவை, திரும்பும் வரை வீட்டில் அடுப்பு எரிவது. மத்திய அரசுப் பெண் ஊழியருக்கு 2008 முதல் 180 நாள் சம்பளத்தோடு பேறுகால விடுப்பு உண்டு. குழந்தை வளர்ப்புக்கென்று பணிக்காலம் முழுவதற்குமாக 730 நாள் விடுப்பும் அந்த ஆண்டே வந்தது. அமெரிக்காவின் பெண்கள் தொழில்முறை லீகான டபிள்யூ.என்.பி.ஏ.வில் பேறுகாலத்துக்கு முழுச் சம்பளம் என்ற விதி வந்தது 2020 ஒப்பந்தத்தில்தான். உலகின் மிகப் பெரிய பெண்கள் லீகுக்கு முன்னால், சென்னையில் ரயில்வே அலுவலகத்தில் கையெழுத்துப் போடும் ஓர் ஆட்டக்காரிக்கு அந்தப் பாதுகாப்பு இருந்தது. விளையாட்டைப் பற்றிய எந்த அறிவிப்பிலும் இது இடம்பெறவில்லை. ஆனால் ஓர் ஆட்ட வாழ்க்கையின் நீளத்தை அளந்து கொடுப்பது இதுபோன்ற விதிகள்தான்.

காயத்தையும் இதோடு சேர்த்துப் பார்க்கலாம். 2020 பிப்ரவரியில் பயிற்சியின்போது ஃபஹார்டோவின் முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்தது. அந்தப் பருவம் முழுவதும் அவர் ஆடவில்லை. 2021-ல் திரும்பி வந்து மீண்டும் உச்சிக்குப் போனார். ஆறு முறை சிறந்த வீரர் என்பதால் கம்பெனி காத்திருந்தது. அணியின் பதினான்காவது ஆளுக்கு அதே முறிவு நேர்ந்திருந்தால் யார் காத்திருப்பார்கள்? லீக் உச்சியில் இருப்பவர்களைத் தாங்கும். வேலை நடுவில் இருப்பவர்களையும் தாங்கும். ஒரு விளையாட்டு பரவலாக வளர்வது நடுவில் இருப்பவர்களால்தான். அவர்கள்தான் பிறகு பயிற்சியாளர்களாகவும் நடுவர்களாகவும் பள்ளி மைதானத்துக்குத் திரும்புகிறார்கள்.

இதற்கு எழும் மறுப்புகளில் கனமானது ஒன்று உண்டு. வேலை கிடைத்ததும் பலர் ஆட்டத்தைக் கைவிடுகிறார்கள், மாநில அணிச் சான்றிதழ் வரைக்கும்தான் வியர்வை, பணி நியமன ஆணை வந்ததும் தொப்பை வந்துவிடுகிறது என்று பயிற்சியாளர்களே குறைபட்டுக்கொள்வதுண்டு. இதில் உண்மை இருக்கிறது. ஆட்டத்தை வேலைக்கான நுழைவுச் சீட்டாக மட்டும் பார்த்தால் அப்படித்தான் முடியும். ஆனால் இதன் காரணம் வேலை நிச்சயமாக இருப்பது என்று நான் நம்பவில்லை. வேலைக்குச் சேர்ந்த பிறகு ஆட ஆட்டமே இல்லாதது காரணம். ஆண்டுக்கு ஒரு தேசியப் போட்டி, துறைகளுக்கிடையே சில போட்டிகள், கோடையில் சில அகில இந்தியக் கோப்பைகள். பி.பி.ஏ.வில் ஆண்டுக்கு மூன்று கோப்பைகள், மாதக்கணக்கில் வாரத்துக்கு வாரம் ஆட்டம். யாரும் பார்க்காத, தேதி தெரியாத போட்டிக்காக இருபத்தெட்டு வயதுக்காரர் விடியற்காலையில் எழுந்து ஓடுவார் என்று எதிர்பார்ப்பது நியாயமில்லை. அனிதா ஓடினார் என்றால் அவருக்கு இந்திய அணி என்ற அடுத்த படி எப்போதும் கண்முன் இருந்தது. அந்தப் படி பன்னிரண்டு பேருக்குத்தான். மற்றவர்களுக்கு என்ன வைத்திருக்கிறோம்?

கூட்டம் வராது என்பார்கள். பெரியகுளத்தைப் பாருங்கள். தேனி மாவட்டத்தின் அந்தச் சிறிய ஊரில் சில்வர் ஜூபிலி ஸ்போர்ட்ஸ் கிளப் கோடைதோறும் அகில இந்தியக் கூடைப்பந்துப் போட்டியை நடத்திவருகிறது. வங்கி அணிகளும் ஐ.சி.எஃப்., கடற்படை அணிகளும் இரவு விளக்கொளியில் ஆட, ஊர் சுற்றி உட்கார்ந்து பார்க்கிறது. பெரு நகரமோ தொலைக்காட்சி ஒப்பந்தமோ அங்கே இல்லை. ஊருக்கு அது திருவிழாவோடு திருவிழா. கோயம்புத்தூரிலும் இப்படி நீண்ட காலமாக நடக்கும் கோப்பைகள் உண்டு. தமிழ்நாட்டில் கூட்டம் இல்லை என்பது சரியல்ல. கூட்டத்தைத் தேடி ஆட்டம் போவதில்லை என்பதுதான் சரி.

இன்னொரு மறுப்பு ஏகபோகத்தைப் பற்றியது. நாட்டின் சிறந்த ஆட்டக்காரிகளை எல்லாம் ரயில்வே வேலை கொடுத்து அள்ளிக்கொண்டதால் பெண்கள் தேசியப் போட்டி நீண்ட காலம் முடிவு தெரிந்த ஆட்டமாகிவிட்டது. ரயில்வே வெல்லும், மற்ற மாநிலங்கள் இரண்டாம் இடத்துக்கு ஆடும். தமிழ்நாடு வளர்த்த பெண்களே ரயில்வேச் சட்டையில் தமிழ்நாட்டுக்கு எதிராக நிற்பார்கள். இது உண்மையான குறை, நான் இதை மறைக்க விரும்பவில்லை. இதற்கான விடை நமக்கு வெகு பக்கத்தில், மேற்கு மலைக்கு அந்தப்புறம் இருக்கிறது. கேரள மாநில மின்வாரியம் பெண்கள் கூடைப்பந்து அணி ஒன்றை வேலை கொடுத்து வளர்த்தது. அந்த ஆட்டக்காரிகள் நிறைந்த கேரள அணி தேசிய இறுதியில் ரயில்வேயை வீழ்த்தியது. செங்கோட்டைக் கணவாயைத் தாண்டினால் எட்டிவிடும் தூரத்தில் நடந்த இந்த மாற்றத்துக்கு லீக் தேவைப்படவில்லை. இரண்டாவதாக ஒரு முதலாளி தேவைப்பட்டார். தமிழ்நாட்டில் ஆண்களுக்கு வங்கி, ஐ.சி.எஃப்., வருமானவரி என்று ஒரு வரிசை இருக்கிறது. பெண்களுக்கு அந்த வரிசை மிகக் குட்டையானது. நம் மின்வாரியம், போக்குவரத்துக் கழகங்கள், கூட்டுறவு வங்கிகள் எல்லாம் இந்தக் கேள்வியைக் கேட்டுக்கொள்ள வேண்டியவை.

லீகுகளை நான் வேண்டாம் என்று சொல்லவில்லை. 2015-ல் யூ.பி.ஏ. என்றொரு லீக் வந்தது, சென்னை ஸ்லாம் என்ற அணி அதில் ஆடியது. மூன்றாண்டுக்குள் லீகே மறைந்தது. 2022-ல் ஐ.என்.பி.எல். வந்தது, சென்னை ஹீட் என்ற பெயரில் ஓர் அணி வந்தது. வந்தவரை நல்லது. ஆனால் யூ.பி.ஏ. மறைந்த ஆண்டில் வேலையையும் விட்டுவிட்டு அதை நம்பிப் போயிருந்த ஓர் இளைஞரின் நிலையை எண்ணிப் பார்க்க வேண்டும். பஞ்சாபின் பல்லோ கே கிராமத்திலிருந்து போன சத்னம் சிங்கை 2015-ல் டல்லாஸ் அணி என்.பி.ஏ. தேர்வில் 52-வது ஆளாக எடுத்தபோது நாடே கொண்டாடியது. என்.பி.ஏ. பருவ ஆட்டம் ஒன்றில்கூட அவர் இறங்கவில்லை. பிறகு மல்யுத்தக் காட்சிகளுக்குப் போனார். அதே கனவை முயன்று பார்த்த இன்னொருவர் கீது அன்னா ஜோஸ். சங்கனாச்சேரியில் வளர்ந்து தெற்கு ரயில்வேயில் சேர்ந்தவர். ஆஸ்திரேலியாவில் ரிங்வுட் அணிக்கு ஆடினார், 2011-ல் அமெரிக்காவில் டபிள்யூ.என்.பி.ஏ. அணிகளின் தேர்வு முகாம்களுக்குப் போனார். இடம் கிடைக்கவில்லை. திரும்பி வந்து இந்தியாவுக்கும் ரயில்வேக்கும் தொடர்ந்து ஆடினார். 2014-ல் அர்ஜுனா விருது பெற்றார். தோற்றாலும் திரும்பி வர ஓர் இடம் இருந்ததால் அவரால் துணிந்து போக முடிந்தது. வேலை துணிச்சலைக் கெடுக்கும் என்பவர்களுக்கு அவர் வாழ்க்கையே பதில். கபடியும் இதைத்தான் காட்டுகிறது. 2014 முதல் நடக்கும் புரோ கபடி லீகில் ஆடும் பலர் ரயில்வேயிலும் காவல்துறையிலும் ராணுவத்திலும் வங்கியிலும் வேலை பார்த்துக்கொண்டே லீகுக்கு வருகிறவர்கள். தமிழ் தலைவாஸ் ஆடுவதை நம் ஊர்களில் டீக்கடைத் தொலைக்காட்சியில் கூடி நின்று பார்க்கிறார்கள். அந்த லீகுக்கு அடியில் எத்தனையோ மாதச் சம்பளங்கள் தாங்கி நிற்கின்றன.

வாசுதேவநல்லூருக்கு வருகிறேன். ராஜபாளையம் - தென்காசி நெடுஞ்சாலையில் இருக்கும் ஊர். ரயில் பிடிக்கச் சங்கரன்கோவிலுக்கோ ராஜபாளையத்துக்கோ போக வேண்டும். நெல், கரும்பு, பக்கத்தில் புளியங்குடி எலுமிச்சை. சர்க்கரை ஆலைக்குக் கரும்பு வெட்டி அனுப்பிவிட்டுப் பணத்துக்கு ஆண்டுக்கணக்கில் காத்திருந்த விவசாயிகள் இங்கே உண்டு. எலுமிச்சை விலை ஒரு வாரம் ஏறும், மறுவாரம் மூட்டைக்கூலிக்கும் காணாது. வருமானம் எந்த மாதம் வரும் என்று தெரியாத வீடுகளில் முதல் தேதிச் சம்பளம் என்பதற்கு இருக்கும் மதிப்பை நகரத்து விளையாட்டுப் பத்தி எழுத்தாளர்கள் கணக்கில் எடுப்பதில்லை. இங்கே கபடிக்கு மண் போதும். கூடைப்பந்துக்கு 28 மீட்டர் நீளம், 15 மீட்டர் அகலத்தில் மேடுபள்ளமில்லாத தளம் வேண்டும், பத்தடி உயரத்தில் ஆடாத வளையம் வேண்டும். பள்ளியில் சிமென்ட் தளம் போட்டாலும் சித்திரை வெயிலில் அது காலைச் சுடும். ஆனி, ஆடியில் குற்றாலச் சாரலோடு வரும் மேல்காற்றில் தூரத்திலிருந்து எறிந்த பந்து வளையத்தை விட்டு விலகும், தளம் நனைந்து வழுக்கும். கூரை போட்ட தளம் இல்லாத பக்கத்தில் ஆண்டில் பாதி நாள் பயிற்சி கெட்டுப்போகும். தமிழர் உயரம் போதாது என்று சொல்லிவிடுவது சுலபம். பிலிப்பினோக்களின் சராசரி உயரமும் நம்மைப் போலத்தான். 1954-ல் அந்த உடம்போடுதான் உலகில் மூன்றாவதாக வந்தார்கள். உயரத்தை விடத் தளம்தான் இங்கே தட்டுப்பாடு.

வெளியிலிருந்து வரும் ஒரு மறுப்பையும் கேட்டாக வேண்டும். தென்காசியிலும் சங்கரன்கோவிலிலும் நூலகத்தில் உட்கார்ந்து போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் நூற்றுக்கணக்கில் இருக்கிறார்கள். அரசுப் பணியில் விளையாட்டுக்கென்று 3 விழுக்காடு ஒதுக்குவது அவர்களுக்கு அநீதி இல்லையா? போலிச் சான்றிதழ்கள் வேறு புழங்குகின்றன. போலிகளைப் பிடிக்க வேண்டும், அதில் இரக்கம் கூடாது; ஒரு போலிச் சான்றிதழ் இரண்டு பேரை ஏமாற்றுகிறது, தேர்வெழுதியவரையும் ஆடியவரையும். ஆனால் ஒதுக்கீடு என்பது பக்கவாசல் என்ற எண்ணத்தை நான் ஏற்கவில்லை. பதினோரு வயதில் தொடங்கி இருபத்திரண்டு வரை எல்லோர் கண்முன்னும், எதிராளி உடம்பால் தடுக்க, புள்ளிப் பலகை பதிவு செய்ய எழுதும் தேர்வு அது. பள்ளி, மாவட்டம், மாநிலம், தேசம் என்று படிவம் படிவமாகச் சான்று வாங்க வேண்டும். வீட்டில் கோச்சிங் கட்டணம் கட்ட முடியாத, புத்தகத்தில் நாட்டம் இல்லாத, ஆனால் உடம்பில் அபாரமான அறிவு உள்ள ஒரு பிள்ளைக்கு அரசு வைத்திருக்கும் ஒரே தேர்வு இதுதான்.

தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் விடுதிகளுக்கு 7, 8, 9, 11-ஆம் வகுப்பு சேர்க்கைக்குக் கோடைதோறும் தேர்வு நடக்கும்; கூடைப்பந்தும் அந்தப் பட்டியலில் உண்டு. மகளை அனுப்பலாமா என்று யோசிக்கும் பெற்றோர் உடற்கல்வி ஆசிரியரிடம் கேட்பது, “படிச்சு முடிச்சா வேலை கிடைக்குமா சார்?” என்பதாகத்தான் இருக்கும். அந்தக் கேள்வியில் ஆட்டத்தின் மேல் அவமதிப்பு எதுவும் இல்லை. பன்னிரண்டு வயதுப் பெண்ணை ஊரைவிட்டு, உறவைவிட்டு, வேறொரு மாவட்டத்து விடுதியில் விடுகிறவர்கள் கேட்க வேண்டிய முதல் கேள்வி அது. இன்று அந்த ஆசிரியரால் சொல்ல முடிந்த பதில், “ரயில்வேயில் கிடைக்கலாம், ரொம்ப நல்லா ஆடினா.” மலைக்கு அந்தப்புறம் இருக்கும் ஆசிரியர் ரயில்வேயோடு மின்வாரியத்தையும் சேர்த்துச் சொல்வார். அந்த இரண்டாவது பெயர் இங்கேயும் வந்த பிறகு, அந்தப் பெண் விடுமுறைக்கு வரும்போது பழகுவதற்குத் தென்காசிப் பக்கத்தில் கூரை போட்ட ஒரு தளமும் வந்த பிறகு, லீகைப் பற்றிப் பேசலாம்.